வான்கா வீட்டுக் கணக்கு நோட்டு!

'வான்கா'ன்னு சொன்னதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வருது? போன வாரம் கேன்டீன்ல இந்தக் கேள்வியைப் போட்டுப் பார்த்தேன். "காதை அறுத்துக்கிட்ட ஆளுதானே?" என்றான் ஒருத்தன். "உயிரோட இருந்தப்ப ஒரே ஒரு படம்தான் வித்துச்சாம். இப்ப கோடிக்கணக்குல போகுதாம்" என்றாள் இன்னொருத்தி. "கிறுக்கன்... ஆனா ஜீனியஸ்!" என்று பைசல் பண்ணிவிட்டு பஜ்ஜியில் கை வைத்தான் மூன்றாவது ஆள். அவ்ளோதான்! ஒரு மனுஷனோட முப்பத்தேழு வருஷ வாழ்க்கையை மூணே பாயின்ட்டில் முடிச்சாச்சு.

நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நினைச்சுட்டிருந்தேன். அப்புறம்தான் ஒரு சந்தேகம் அரிக்க ஆரம்பிச்சது. 1890-ல் ஊர் பேர் தெரியாமல் செத்துப்போன ஒருத்தரோட படங்களும், கட்டுக்கட்டாகக் கடிதங்களும் இன்னிக்கு வரைக்கும் எப்படிப் பத்திரமா வந்து சேர்ந்தது? திறமை தானா நடந்து மியூசியத்துக்குப் போய்ச் சேராது, இல்லையா? யாராவது அதையெல்லாம் பெட்டியில் அடுக்கி, ஆணி அடிச்சு, வண்டி ஏத்தி, லிஸ்ட் போட்டு, லெட்டர் எழுதி, வாடகை கொடுத்து, அவமானப்பட்டு, மறுபடியும் லெட்டர் எழுதியிருக்கணும். அந்த 'யாராவது' யாருன்னு தேடிப் போனேன். ஒரு லேடி கிடைச்சாங்க. அவங்க வான்காவை நேரில் பார்த்தது மொத்தமே சில நாட்கள்தான்!

அவங்ககிட்ட போறதுக்கு முன்னால், நம்ம ஹீரோவோட பயோடேட்டாவை ஒரு தடவை பார்த்துடுவோம். கேம்பஸ் இன்டர்வியூவுக்கு எடுத்துட்டுப் போனால் வாசலிலேயே திருப்பி அனுப்பிடுவாங்க. அப்படி ஒரு பயோடேட்டா!

வின்சென்ட் வான்கா 1853 மார்ச் 30-ம் தேதி நெதர்லாந்தின் ஜுண்டெர்ட் கிராமத்தில் பிறந்தார். அப்பா பாதிரியார். பதினாறு வயசில், பெரியப்பா சித்தப்பா சிபாரிசு மாதிரி ஒரு சொந்தக்காரர் சிபாரிசில், 'கூப்பில்' என்ற பெரிய ஓவிய வியாபாரக் கம்பெனியில் வேலை. ஹேக், லண்டன், பாரிஸ் என்று கிளை கிளையாக மாற்றினார்கள். 1876-ல் வேலை போச்சு. அப்புறம் இங்கிலாந்தில் பள்ளிக்கூட வாத்தியார். அப்புறம் புத்தகக் கடையில் குமாஸ்தா. அப்புறம் பாதிரியார் ஆகணும்னு ஆம்ஸ்டர்டாமில் லத்தீன், கிரேக்கம் டியூஷன். அதையும் பாதியில் விட்டாச்சு. அப்புறம் பெல்ஜியத்தில் போரினாஜ் என்ற நிலக்கரிச் சுரங்கப் பகுதியில் மதப் பிரசாரகர் வேலை. அங்கே மனுஷன் தன் துணிமணியை எல்லாம் தொழிலாளிகளுக்குக் கொடுத்துவிட்டு, குடிசையில் வைக்கோல் மேல் படுத்துக் கிடந்திருக்கார். 'இது பிரசாரகருக்கு மரியாதை இல்லை' என்று நினைத்த தேவாலயக் கமிட்டி 1879-ல் அவருக்கு வேலையை நீட்டிக் கொடுக்கவில்லை. (கிறிஸ்து சொன்னதை அப்படியே செஞ்சதுக்கு சர்ச்சிலேயே வேலை போன கேஸ் இதுவாத்தான் இருக்கும்!)

1880-ல் 'நான் ஓவியன் ஆகப்போறேன்' என்று முடிவு பண்ணும்போது வயசு 27. கூடப் படிச்சவங்க எல்லாம் கல்யாணம் பண்ணி, குழந்தை குட்டியோட செட்டில் ஆகியிருக்கும் வயசு. இவர் அப்பத்தான் பார்க் என்பவர் தயாரித்த ஓவியப் பயிற்சித் தாள்களை வச்சுக்கிட்டு, முதல் தாளிலிருந்து கடைசித் தாள் வரைக்கும் காப்பி அடிச்சுப் பழகிட்டு இருக்கார். பிறவி மேதைன்னு சொல்றோமே... அந்த ஆரம்ப காலப் படங்களைப் பாருங்க. கை கால் எல்லாம் கட்டையா இருக்கும். பிறவி எல்லாம் ஒண்ணும் இல்லை பாஸ், உழைப்பு!

எனக்கு ரொம்பப் பிடிச்ச சமாசாரம் ஒண்ணு. நாம முதல் வருஷத்தில் இன்ஜினீயரிங் டிராயிங்கில் பெர்ஸ்பெக்டிவ் வரைஞ்சு நொந்து போனோமே... அதே பிரச்னை அவருக்கும் இருந்திருக்கு! தூரம் போகப் போகப் பொருள் எவ்வளவு சின்னதாகும் என்ற கணக்கு கைக்கு வசப்படவில்லை. 1882-ல் ஹேக் நகரத்தில் இருந்தபோது தச்சரையும் கொல்லரையும் பிடிச்சு ஒரு கருவியே செஞ்சுக்கிட்டார். ஒரு மரச் சட்டம், அதுக்குள்ள குறுக்கும் நெடுக்குமாக இழுத்துக் கட்டின நூல், கடற்கரை மணலில் ஊன்றி நிற்கிற மாதிரி இரும்பு முனை வைத்த கால்கள். நூல் கட்டங்களுக்குள்ளே கடலையும் படகையும் பார்த்து, தாளிலும் அதே மாதிரி கட்டம் போட்டு வரைவது. அந்தக் கருவியின் படத்தையும் கடிதத்தில் வரைஞ்சு தம்பிக்கு அனுப்பியிருக்கார். 'கிறுக்கன்' செய்கிற வேலையா இது? சுத்தமான வொர்க்‌ஷாப் மூளை!

தம்பின்னு சொன்னேன் இல்லையா, அவர் பெயர் தியோ. அண்ணனைவிட நாலு வயசு சின்னவர். அதே கூப்பில் கம்பெனியில் சேர்ந்து, வேலையைத் தக்க வச்சுக்கிட்டு, பாரிஸ் மோன்மார்த்ர் சாலைக் கிளைக்கு மேனேஜர் ஆனவர். அண்ணனுக்குச் சோறு, வாடகை, வர்ணம், துணி, மாடலுக்குக் கூலி எல்லாமே தம்பி அனுப்பின மணியார்டர்தான். பல வருஷம் மாசத்துக்குச் சுமார் 150 ஃபிராங்க், பின்னாளில் அதுக்கும் மேல். அது பிச்சைக் காசு இல்லை, பாஸ். வான்கா படத்தில் தாடியோட வருவாரே போஸ்ட்டல் ஊழியர் ரூலின், அவருக்கு மாசச் சம்பளம் 135 ஃபிராங்க்தான்னு வான்காவே எழுதியிருக்கார். அதில் மூணு பிள்ளைங்களை வேற வளர்த்தாராம். அப்ப வான்கா ஏன் எப்பப் பார்த்தாலும் பட்டினி? வர்ணமும் கேன்வாஸும் காசைத் தின்னுச்சு. அவர் பெயின்ட்டை டியூபிலிருந்து அப்படியே பிதுக்கி அப்புற ரகம்!

ஓசியில் வாங்குறோமேன்னு அண்ணனுக்கு உறுத்தல் இருந்திருக்கு. அதனால் 1884-ல் ஒரு ஏற்பாடு செய்தார்: 'நீ அனுப்புற பணத்தை நான் சம்பாதிச்சதா வச்சுக்கறேன், பதிலுக்கு நான் வரையறதெல்லாம் உன் சொத்து'. ரெண்டு பேருமே விளையாட்டா எடுத்துக்காத இந்த ஒப்பந்தத்தை ஞாபகம் வச்சுக்கங்க. பின்னாடி தேவைப்படும்.

சரி, 'ஒரே ஒரு படம்' கதை? அதுவும் முழு உண்மை இல்லை. 1882-லேயே சித்தப்பா ஒருத்தர் ஹேக் நகரக் காட்சிகளை வரைந்து தரச் சொல்லி 12 கோட்டோவியங்களுக்கு ஆர்டர் கொடுத்தார். ஒண்ணு ரெண்டரை கில்டர், மொத்தம் முப்பது. அப்புறம் ரெண்டாவது ஆர்டரும் வந்துச்சு. நாம 'ஒரே ஒரு படம்'னு சொல்றது 'சிவப்பு திராட்சைத் தோட்டம்'. 1890-ல் பிரஸ்ஸல்ஸ் கண்காட்சியில் ஆனா போக் என்ற பெண் ஓவியர் அதை 400 ஃபிராங்க் கொடுத்து வாங்கினார். அந்த வருஷம் ஜனவரியில்தான் ஆல்பேர் ஓரியே என்ற இளம் விமர்சகர் வான்காவைப் பற்றிப் பெரிய கட்டுரை எழுதினார். மார்ச்சில் பாரிஸ் கண்காட்சியில் பத்துப் படங்கள். 'இருக்கிறதிலேயே உன் படங்கள்தான் பெஸ்ட்னு மோனே சொல்றார்' என்று தியோ எழுதினார். கவனிச்சீங்களா? செத்த பிறகு திடீர்னு யாரும் கண்டுபிடிக்கலை. மேலே ஏறிட்டிருந்த நேரத்தில்தான் ஆள் போயிட்டார். எனக்கு இதுதான் அதிகமா வலிக்குது.

காது விஷயத்தை எல்லாரும் எழுதியாச்சு. நான் சீக்கிரம் தாண்டிடறேன். 1888 பிப்ரவரியில் தெற்கு ஃபிரான்ஸின் ஆர்ல் நகரத்துக்குப் போனார், மஞ்சள் வீட்டை வாடகைக்குப் பிடித்தார், சூரியகாந்திகளை வரைந்தார், அக்டோபரில் நண்பர் கோகான் வந்து தங்கினார், ஒன்பது வாரத்தில் சண்டை முற்றியது, டிசம்பர் 23 ராத்திரி அது நடந்தது. அடுத்த நாள் கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள். தந்தி கிடைத்த தியோ ராத்திரி ரயிலைப் பிடித்துக் கிளம்பினார். அவர் கிளம்பினது எந்த நேரத்தில் தெரியுமா? தான் உயிரா நேசிச்ச பொண்ணு கடைசியில் 'சரி' சொல்லி, அந்த சந்தோஷத்தில் மிதந்துக்கிட்டிருந்த நேரத்தில்.

அந்தப் பொண்ணுதான் யோஹன்னா போங்கர். சுருக்கமா 'யோ'. (நம்ம ஊர் ஆட்டோக்காரர் கூப்பிடுற மாதிரி இருக்கும் என்பதால் முழுப் பெயரையே வச்சுக்கறேன்.)

1862-ல் ஆம்ஸ்டர்டாமில் பிறந்தவர். ஆங்கிலம் படிச்சவர், சில மாசம் லண்டனில் பிரிட்டிஷ் மியூசியம் நூலகத்தில் வேலை பார்த்தவர், பெண்கள் பள்ளியில் ஆங்கில டீச்சர். அவருடைய அண்ணன் ஆந்த்ரீஸ், தியோவுக்கு பாரிஸ் சிநேகிதன். அந்தப் பழக்கத்தில் 1887-ல் தியோ வந்து காதலைச் சொல்ல, 'உங்களை எனக்குச் சரியாத் தெரியவே தெரியாதே' என்கிற தினுசில் மறுத்துவிட்டார். ஒன்றரை வருஷம் கழிச்சு மனசு மாறி, 1889 ஏப்ரலில் கல்யாணம். பாரிஸில் குடித்தனம். அந்த வீட்டை யோஹன்னா பின்னாளில் வர்ணிச்சிருக்கார். கட்டிலுக்கு அடியில், சோபாவுக்கு அடியில், அலமாரிக்கு அடியில் எங்கே குனிஞ்சாலும் சட்டம் போடாத கேன்வாஸ் குவியல். மச்சினர் அனுப்பின சரக்கு! புதுசா குடித்தனம் வந்த பொண்ணு எப்படிப் பெருக்கித் துடைச்சிருப்பாங்களோ!

1890 ஜனவரி 31-ல் ஆண் குழந்தை. பெரியப்பா பெயரையே வச்சாங்க: வின்சென்ட். அப்போது சேன் ரெமி மனநலக் காப்பகத்தில் இருந்த பெரியப்பா, குழந்தைக்காக நீல வானத்துக்கு எதிரே பூத்துக் குலுங்கும் பாதாம் மரக் கிளைகளை வரைந்து அனுப்பினார்.

அந்த மே மாசம்தான் யோஹன்னா மச்சினரை முதன்முதலாப் பார்த்தார். நோயாளியா, துவண்டுபோன ஒருத்தர் வருவார்னு எதிர்பார்த்தால், நல்ல நிறமும் அகன்ற தோளுமா, தியோவைவிட ஆரோக்கியமா ஒருத்தர் படியேறி வந்திருக்கார். மூணு நாள் இருந்துட்டு, பாரிஸுக்குப் பக்கத்தில் ஓவேர் கிராமத்துக்குப் போயிட்டார். ஜூனில் ஒரு ஞாயிற்றுக்கிழமை இவங்க குடும்பமா அங்கே போனாங்க. ஜூலையில் அவர் ஒரு நாள் பாரிஸுக்கு வந்தார். ரெண்டு பேரோட பழக்கம் மொத்தமே அவ்வளவுதான். ஜூலை 27-ல் வான்கா தன்னைத்தானே சுட்டுக்கொண்டார். 29-ம் தேதி, தம்பி பக்கத்தில் இருக்க, உயிர் போச்சு.

கதை இத்தோட முடியலை. தியோவுக்கு ஏற்கெனவே சிபிலிஸ் நோய். அது முற்றி மூளையைத் தாக்கியது. நவம்பரில் உட்ரெக்ட் நகரத்தில் காப்பகத்தில் சேர்த்தார்கள். 1891 ஜனவரி 25-ல் அவரும் போயிட்டார். அண்ணன் போய் ஆறே மாசம். வயசு 33.

இப்ப யோஹன்னாவோட நிலைமையை யோசிங்க. வயசு 28. கல்யாணமாகி ரெண்டு வருஷம்கூட முழுசா ஆகலை. கையில் ஒரு வயசுக் குழந்தை. வருமானம் இல்லை. சொத்துன்னு பார்த்தால்... முன்னாடி ஒரு ஒப்பந்தம் சொன்னேனே, அதன்படி வான்கா வரைஞ்சதெல்லாம் தியோவுடையது. இப்ப அது குழந்தைக்கு. சுமார் 400 ஓவியங்கள், நூற்றுக்கணக்கான கோட்டோவியங்கள், ஒரு டிராயர் நிறையக் கடிதங்கள். அன்னிக்குச் சந்தையில் இதுக்கெல்லாம் மதிப்பு ஏறக்குறைய பூஜ்யம். 'பேசாம இதைத் தலைமுழுகிட்டு வேற வாழ்க்கையைப் பாரு' என்று புத்தி சொன்னவங்க இருந்தாங்க. அந்தக் காலத்தில் அது தப்பான அட்வைஸும் இல்லை.

யோஹன்னா எல்லாத்தையும் பெட்டி கட்டினார். ஆம்ஸ்டர்டாம் பக்கத்தில் புஸ்ஸும் என்ற ஊருக்குக் கொண்டுபோய், ஒரு வீட்டை எடுத்து, தங்கும் விடுதி ஆரம்பித்தார். நம்ம மேன்ஷன் மாதிரி இல்லை, ஆள் தங்கி, வீட்டுச் சாப்பாடு சாப்பிடுகிற டீசன்ட் விடுதி. படுக்கை போடுவது, சமையல் மேற்பார்வை, பில் எழுதுவது... ராத்திரி குழந்தை தூங்கினதும் ஆங்கிலக் கதைகளை டச்சில் மொழிபெயர்த்துச் சில்லறைக் காசு. சுவர் முழுக்க மச்சினர் படங்கள். அங்கே தங்கினவங்கதான் வான்கா படங்களை முதல்முதலா காலை டிபனோட சேர்த்துப் பார்த்தவங்க!

அந்த ராத்திரிகளில் இன்னொரு வேலையும் நடந்துச்சு. கடிதக் கட்டைப் பிரிச்சு ஒவ்வொண்ணா படிக்க ஆரம்பிச்சார். முதலில் அவர் தேடினது வான்காவை இல்லை, தன் புருஷனை. அண்ணன் எழுதின வரிகளுக்குள்ள தியோ தெரிவாரான்னு தேடியிருக்கார். படிக்கப் படிக்க அண்ணனும் சேர்ந்து தெரிய ஆரம்பிச்சார். தியோ தனக்கு ஒரு குழந்தையை மட்டும் விட்டுட்டுப் போகலை, இந்த ஓவியங்களை உலகத்துக்குக் காட்டுற பொறுப்பையும் விட்டுட்டுப் போயிருக்கார் என்ற அர்த்தத்தில் 1891 நவம்பரில் தன் டைரியில் எழுதினார்.

ஓவியத்தைப் பற்றித் தனக்கு ஒண்ணும் தெரியாதுன்னு அவருக்கே தெரியும். அதனால் கலை விமர்சனப் புத்தகங்களை எடுத்து வச்சுப் படிச்சார். அப்புறம் படங்களைத் தூக்கிக்கிட்டு விமர்சகர்கள், வியாபாரிகள், கண்காட்சி நடத்துறவங்கன்னு ஒருத்தர் விடாமல் பார்க்கக் கிளம்பினார். நெதர்லாந்தின் கலை உலகம் அன்னிக்குச் சுத்தமான ஆம்பளைங்க கிளப். ரிச்சர்ட் ரோலண்ட் ஹோல்ஸ்ட் என்ற ஓவியர், 'விஷயமே தெரியாமல் பள்ளிக்கூடப் பொண்ணு மாதிரி உணர்ச்சிவசப்பட்டுப் பேசுது இந்தம்மா' என்கிற தொனியில் நண்பருக்குக் கடிதம் எழுதி நக்கலடிச்சார். அதே மனுஷன் 1892 டிசம்பரில் ஆம்ஸ்டர்டாமில் நடந்த வான்கா கண்காட்சிக்கு முன்னால் நின்னு ஏற்பாடு செஞ்சார். கேட்லாக் அட்டைக்குத் தலை சாய்ந்த ஒரு சூரியகாந்தியையும் வரைஞ்சு கொடுத்தார். அந்தம்மா விட்டாத்தானே!

யான் வேத் என்று இன்னொரு விமர்சகர். படங்களின் முரட்டுத்தனம் அவருக்குச் சுத்தமாப் பிடிக்கலை. யோஹன்னா வாதாடலை. கடிதங்களைக் கொடுத்து 'படிச்சுப் பாருங்க' என்றார். படிச்சுட்டு மனுஷன் மாறினார். இதுதான் அவரோட டெக்னிக். படம் மட்டும் தனியா நின்னா 'என்னய்யா இது'ன்னு கேட்பாங்க. வரைஞ்சவன் எவ்வளவு யோசிச்சு வரைஞ்சான்னு தெரிஞ்சா நின்னு பார்ப்பாங்க.

வியாபாரத்திலும் கெட்டிக்காரி. கண்காட்சிக்கு அனுப்பும்போது விற்கிற படங்களோட, 'விற்பனைக்கு இல்லை' என்று சில சூப்பர் படங்களையும் சேர்த்து அனுப்புவார். ஜனங்க அதைப் பார்த்து அசந்துபோய், பக்கத்தில் இருக்கிறதை வாங்குவாங்க! எல்லாத்தையும் ஒரே ஆளிடம் மொத்தமா தள்ளிவிடலை. கொஞ்சம் கொஞ்சமா, நல்ல இடங்களுக்கு, கண்ணில் படுகிற இடங்களுக்குப் போகிற மாதிரி பார்த்துக்கிட்டார். பெர்லினில் பால் கஸ்ஸிரர் என்ற வியாபாரி மூலம் ஜெர்மனியில் பெரிய வாசல் திறந்தது.

இந்த விற்பனை எல்லாத்துக்கும் ஒரு கணக்கு நோட்டு இருக்கு. தியோவும் யோஹன்னாவும் கல்யாணமான புதுசில் வீட்டுச் செலவு எழுத ஆரம்பிச்ச நோட்டு. அதே நோட்டில்தான் பிற்பாடு எந்தப் படம், யாருக்கு, எவ்வளவு என்று யோஹன்னா வருஷக்கணக்கா எழுதிக்கிட்டு வந்திருக்கார். 2002-ல் ஆராய்ச்சியாளர்கள் அதை அப்படியே புத்தகமாப் போட்டாங்க. எனக்கு 'நட்சத்திர இரவு' படத்தைவிட இந்த நோட்டுதான் அதிகமா சிலிர்க்க வைக்குது. மளிகைக் கணக்கு எழுதின கை, அதே மையில் வான்காவின் சரித்திரத்தையும் எழுதியிருக்கு!

ஒரு சாம்பிள். டாக்டர் காஷேயின் உருவப்படம், கன்னத்தில் கை வச்சுக்கிட்டு சோகமா உட்கார்ந்திருப்பாரே, அதை 1897-ல் 300 ஃபிராங்குக்கு விற்றார். அதே படம் 1990 மே மாசம் நியூயார்க் ஏலத்தில் 8 கோடியே 25 லட்சம் டாலர். 'ஐயோ, அவசரப்பட்டு வித்துட்டாங்களே'ன்னு உச்சுக் கொட்டாதீங்க. 300 ஃபிராங்க் என்றால் தியோ அனுப்பின ரெண்டு மாசப் பணம். அப்படிச் சில படங்கள் வெளியே போனதால்தான் மிச்சப் படங்களுக்கு ஒரு விலையே வந்துச்சு.

யோஹன்னா இல்லைன்னா என்ன ஆகியிருக்கும்? அதுக்கும் ஆதாரம் இருக்கு. வான்காவோட அம்மா ப்ரெடா என்ற ஊருக்குக் குடிமாறினபோது, மகனோட ஆரம்ப கால வேலைகள் அடங்கிய பெட்டிகளை ஒரு தச்சர் வீட்டில் போட்டு வச்சாங்க. கேட்பாரில்லாமல் கிடந்த அது கடைசியில் பழைய சாமான் வியாபாரி கைக்குப் போச்சு. தள்ளுவண்டியில் வச்சு வந்த விலைக்கு வித்தாங்க. அழிஞ்சது எவ்வளவுன்னு கணக்கே இல்லை. ஒரே ஓவியர்தான். ஒரு பெட்டி தச்சர் வீட்டுக்குப் போச்சு, இன்னொரு பெட்டி யோஹன்னா வீட்டுக்குப் போச்சு.

1905 கோடைக்காலம். ஆம்ஸ்டர்டாமின் ஸ்டெடெலிக் மியூசியத்தில் தன் செலவில் அறைகளை வாடகைக்கு எடுத்து, 480-க்கும் மேற்பட்ட படைப்புகளைத் தொங்கவிட்டார். வான்காவுக்கு அதைவிடப் பெரிய கண்காட்சி இன்னிக்கு வரைக்கும் நடந்ததில்லை. அதுக்கு அப்புறம் விலை ஏற ஆரம்பிச்சது.

இடையில் 1901-ல் யோஹான் கோஹென் கோஸ்ஸால்க் என்ற ஓவியரை மறுமணம் செஞ்சார். அவரும் 1912-ல் இறந்துட்டார். அந்தம்மா வாழ்க்கையில் துக்கத்துக்கும் பஞ்சமில்லை, வேலைக்கும் பஞ்சமில்லை.

கடிதங்களை மட்டும் அவர் அவசரமாக வெளியிடலை. இது எனக்கு ஆச்சரியம். அந்தக் கண்ணீர்க் கதையை முதலிலேயே அச்சடிச்சு விட்டிருந்தா படங்கள் சூடா வித்திருக்குமே? 'முதலில் படங்களுக்கு மரியாதை கிடைக்கட்டும், அதுக்கு முன்னால் ஆளைப் பற்றிய ஆர்வத்தைக் கிளப்புவது வின்சென்ட்டுக்குச் செய்யும் அநியாயம்' என்று காத்திருந்தார். இருபத்தி மூணு வருஷம்! வான்கா பெரும்பாலும் தேதியே போட மாட்டார். மை, தாள், உள்ளே வரும் சேதியை வச்சு எது முன்னே எது பின்னே என்று அடுக்கினார். 1914-ல் மூணு பாகமா வந்துச்சு. அதே வருஷம் தியோவின் உடலை உட்ரெக்ட்டிலிருந்து எடுத்துப்போய், ஓவேர் கிராமத்தில் அண்ணன் பக்கத்தில் அடக்கம் செஞ்சார். ரெண்டு கல்லறைக்கும் மேலே சேர்ந்து ஒரே ஐவிக்கொடி படர்ந்திருக்கு.

குறையே இல்லாதவர்னு சொல்ல மாட்டேன். குடும்பத்துக்குச் சங்கடமான சில இடங்களைக் கடிதத் தொகுப்பில் விட்டுட்டார், சில பெயர்களை வெறும் முதலெழுத்தா மாத்தினார், தேதி வரிசையிலும் தப்பு இருந்துச்சு. அதையெல்லாம் சரிபண்ணி, கிடைத்த 902 கடிதங்களும் முழுசா வர 2009 ஆச்சு. ஆனா அசல் கடிதங்களை அவர் கிழிச்சுப் போடலையே! அதனால்தான் சரிபண்ணவே முடிஞ்சது. இன்னொரு உபயோகம் சொல்றேன். 'படுக்கையறை' ஓவியத்தில் சுவர் நீலமா இருக்கும், பார்த்திருப்பீங்க. கடிதத்தில் அவர் சுவரை வெளிர் ஊதான்னு எழுதியிருக்கார். சோதிச்சுப் பார்த்தால், ஊதாவுக்காகக் கலந்த சிவப்புச் சாயம் வெளிச்சம் பட்டு வெளுத்துப் போயிருக்கு. நீலம் மட்டும் மிச்சம். கடிதம் இல்லைன்னா யாருக்கு அந்தச் சந்தேகமே வந்திருக்கும்?

1924-ல் லண்டன் நேஷனல் கேலரி 'சூரியகாந்திகள்' படத்தைக் கேட்டது. முதலில் முடியாதுன்னுட்டார். முப்பது வருஷத்துக்கும் மேலா தினம் கண் முழிச்சுப் பார்த்த படம். அப்புறம் யோசிச்சு, வின்சென்ட்டோட புகழுக்காகத்தான் இந்தத் தியாகம் என்று சொல்லி விட்டுக் கொடுத்தார். கடிதங்களை ஆங்கிலத்தில் மொழிபெயர்க்கிற வேலையில் இருந்தபடியே 1925 செப்டம்பரில் காலமானார். அவரைப் பற்றி முழு வாழ்க்கை வரலாறு ஒண்ணு டச்சு மொழியில் வந்தது 2019-ல்தான். ஹான்ஸ் லாய்டன் எழுதினது. மச்சினர் பற்றி எத்தனை நூறு புத்தகம் வந்திருக்கும் அதுக்குள்ள!

சரி, அந்தக் குழந்தை என்ன ஆச்சு? இங்கேதான் நான் சீட்டிலிருந்து எழுந்து விசிலடிச்சேன். பெரியப்பா மாதிரி ஓவியனும் ஆகலை, அப்பா மாதிரி வியாபாரியும் ஆகலை. டெல்ஃப்ட்டில் மெக்கானிக்கல் படிச்சார். நம்ம ஜாதி! ஒரே பெயரில் ரெண்டு பேர் இருக்கிறதால் குழப்பம் வராமல் இருக்க, அவரை எல்லாருமே 'இன்ஜினீயர்' என்றுதான் சொல்வாங்களாம். ரொம்ப வருஷம் படங்கள் பக்கம் தலை வைக்காமல் இருந்தவர், அம்மாவுக்குப் பிறகு மிச்சமிருந்ததை விற்கிறதையே பெரும்பாலும் நிறுத்திட்டார். 1962-ல் மொத்தத்தையும் ஒரு அறக்கட்டளைக்கு மாற்றினார். 1973-ல் ஆம்ஸ்டர்டாமில் வான்கா மியூசியம் திறந்தாங்க. இன்ஜினீயருக்கு அப்போ வயசு 83.

அவர் பிறந்தப்ப பெரியப்பா வரைஞ்சு அனுப்பின பாதாம் பூக்களை பாரிஸ் வீட்டில் மாட்டியிருந்தாங்க. குழந்தை பெரியப்பாவோட படங்களைக் கண்கொட்டாமப் பார்க்குதுன்னு யோஹன்னா வான்காவுக்கு ஒரு கடிதம் எழுதியிருக்கார். எத்தனையோ படங்கள் அந்த வீட்டை விட்டுப் போச்சு. பாதாம் பூக்கள் படத்தை அவங்க விற்கவே இல்லை. இப்பவும் அதே மியூசியத்தில்தான் இருக்கு.